கோடு பாடுமா? தொடக்ககால சோதனைப் படங்களில் இசையும் காட்சியும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

நண்பர்களோடு சேர்ந்து சில ஆண்டுகளாகச் சிறிய திரையிடல்கள் நடத்தி வருகிறேன். பெரும்பாலும் 1920களிலும் 30களிலும் ஐரோப்பாவில் எடுக்கப்பட்ட சோதனைப் படங்கள். மூன்று நிமிடம், ஏழு நிமிடம், அதிகம் போனால் இருபது நிமிடம். படம் முடிந்து விளக்கைப் போட்டதும் வரும் சந்தேகங்கள் ஊருக்கு ஊர் மாறுவதில்லை. அவற்றைக் கேட்டவர்கள் கேட்ட மாதிரியே இங்கே தொகுத்திருக்கிறேன். எளிய கேள்விகள் முன்னால், சிக்கலானவை பின்னால்.

கோடும் வட்டமும் ஓடிக்கிட்டே இருக்கு, கதையே இல்லை. இதை எப்படி சினிமான்னு சொல்றீங்க?

ஒரு வித்துவான் அரை மணி நேரம் தோடி ஆலாபனை செய்கிறார். அதில் சொல்லே கிடையாது. ஆனாலும் "கதை என்ன?" என்று யாரும் கேட்பதில்லை. ஒரு பிடி வருகிறது, வளர்கிறது, ஒளிகிறது, வேறு உருவில் திரும்புகிறது, மேல் ஸ்தாயியைத் தொட்டுவிட்டு இறங்குகிறது. அந்தப் போக்கே நம்மைக் கட்டிப்போடப் போதுமானது. ஒலி இதைச் செய்யும்போது ஒரு கோடும் ஒரு சதுரமும் ஏன் செய்யக்கூடாது என்பதே இந்தப் படங்களை எடுத்தவர்களின் கேள்வி.

இவர்களில் பலர் ஓவியர்கள். ஓவியம் அசையாது என்பது அவர்களுக்குத் தீராத குறை. பாரிஸில் இருந்த லியோபோல்ட் சுர்வாஜ் 1912 முதல் 1914 வரை, வண்ண வடிவங்கள் ஒன்றிலிருந்து ஒன்றாக மாறும் நீர்வண்ண ஓவியங்களை வரிசை வரிசையாக வரைந்தார். அவற்றைப் படமாக்கி ஓடவிட வேண்டும் என்பது திட்டம். முதல் உலகப் போர் வந்தது, படம் எடுக்கப்படவே இல்லை. ஓவியங்கள் மட்டும் மிஞ்சின. அவற்றைப் பார்க்கும்போதெல்லாம் ஸ்வரம் எழுதி வைத்துவிட்டுப் பாடாமலே போன பாட்டு என்று தோன்றும்.

மௌனப்பட காலம்னு சொல்றீங்க. அப்ப இசை எங்கேர்ந்து வந்துச்சு?

அரங்கிலிருந்தே வந்தது. ஃபிலிமில் ஒலி இல்லை, அவ்வளவுதான். கொட்டகையில் பியானோவோ வாத்தியக் குழுவோ இருக்கும். கதைப்படங்களுக்குப் பெரும்பாலும் கைக்குக் கிடைத்த மெட்டுகளைத் தொகுத்து வாசிப்பார்கள்.

சோதனைப் படக்காரர்கள் அதில் திருப்தி அடையவில்லை. வால்டர் ருட்மன் 1921இல் பெர்லினில் 'ஒளிநாடகம் ஓப்பஸ் 1' என்ற படத்தைத் திரையிட்டார். கண்ணாடியில் எண்ணெய் வண்ணம் தீட்டி, அதை மாற்றி மாற்றிப் படமெடுத்து, பிறகு பிரிண்டுக்கும் நிறமேற்றிய படம். அதற்காகவே மாக்ஸ் புட்டிங் கம்பி வாத்தியங்களுக்கு ஓர் இசை எழுதினார். வாசிப்பவர்கள் படத்தோடு சேர்ந்து போக வேண்டுமே என்று, எந்த இடத்தில் திரையில் எந்த வடிவம் தெரியும் என்பதை ருட்மன் இசைத்தாளிலேயே சின்னச் சின்னச் சித்திரங்களாக வரைந்து கொடுத்தார். அவரே செல்லோவும் வாசித்தார். படத்துக்கு 'ஓப்பஸ்' என்று பெயர் வைத்ததைக் கவனியுங்கள்: இசையமைப்பாளர்கள் தங்கள் படைப்புகளுக்கு எண்ணிடும் முறை அது.

ஒரு படத்துல சத்தமே வரலையே, உங்க ஸ்பீக்கர்ல கோளாறா?

ஒவ்வொரு திரையிடலிலும் யாராவது ஒருவர் பின்னால் திரும்பி ஸ்பீக்கரைப் பார்ப்பார். கோளாறு ஏதுமில்லை. அது வைக்கிங் எகலிங்கின் 'மூலைவிட்ட சிம்பொனி', 1924. பெயரில் சிம்பொனி, படத்தில் நிசப்தம். எகலிங் வேண்டுமென்றே அப்படி விட்டார்.

எகலிங் ஸ்வீடன்காரர். 1918இல் ஜெர்மானிய ஓவியர் ஹான்ஸ் ரிக்டரோடு அறிமுகமானார். ரிக்டருக்கு அதற்கு முன்பே இசையமைப்பாளர் புஸோனி ஒரு யோசனை சொல்லியிருந்தார்: வெளிச்சமும் நிழலும் ஒன்றுக்கொன்று எப்படிப் பதில் சொல்ல வேண்டும் என்று தெரிய வேண்டுமானால் இசையமைப்பாளர் பாக்கின் படைப்புகளைப் படி. இரண்டு நண்பர்களும் நீளமான காகிதச் சுருள்களில் ஒரு வடிவம் படிப்படியாக மாறுவதை வரைந்து பழகினார்கள். சுருளைக் கண்ணால் படித்துக்கொண்டே போகும்போதுதான் இது ஃபிலிமாக வேண்டிய பொருள் என்று உறைத்தது.

கறுப்புப் பின்னணியில் வெள்ளைக் கோடுகள் சீப்பின் பற்கள் போலவும் யாழின் நரம்புகள் போலவும் முளைத்து, நீண்டு, ஒவ்வொன்றாக மறைகின்றன. ஒரு கொத்து இடது பக்கம் சாய்ந்தால் அடுத்தது வலது பக்கம் சாய்ந்து பதில் சொல்கிறது. இரண்டு மூன்று நிமிடம் போனதும் காதுக்குள் ஏதோ தட்டுவது போல இருக்கும். ஏழு நிமிடத்தில் பாதியை ஸ்பீக்கரைப் பற்றிய கவலையிலேயே கழித்துவிடாதீர்கள் என்று இப்போதெல்லாம் முன்கூட்டியே சொல்லிவிடுகிறேன்.

ஆனா இணையத்துல அதே படம் இசையோட இருக்கே?

இருக்கிறது, விதவிதமாக. பியானோ, மின்னிசை, டிரம்ஸ் என்று பின்னால் வந்தவர்கள் சேர்த்தவை. தயவுசெய்து முதல் முறை அப்படிப் பார்க்காதீர்கள். இசை சேர்ந்த நொடியில் கண் தன் வேலையைக் காதிடம் ஒப்படைத்துவிடுகிறது. தாளம் எங்கே விழுகிறது என்று கோடுகளிடம் கேட்பதை விட்டுவிட்டு டிரம்ஸிடம் கேட்கத் தொடங்கிவிடுகிறோம். எகலிங் கட்டிய சிம்பொனி அதற்கடியில் புதைந்துவிடுகிறது.

இதே கவலை ஜெர்மானியப் படக்காரர் ஓஸ்கர் ஃபிஷிங்கருக்கும் இருந்தது. இசையோடு பின்னிப் படம் எடுப்பதில் அவரை மிஞ்ச ஆளில்லை. அப்படிப்பட்டவர் 1942இல் 'ரேடியோ டைனமிக்ஸ்' என்று நிசப்தமான ஒரு வண்ணப்படம் எடுத்தார். அதன் தொடக்கத்திலேயே, தயவுசெய்து இசை வேண்டாம் என்று எழுதிப் போட்டார்.

பாட்டுக்குப் படமா, படத்துக்குப் பாட்டா? எது முதல்ல?

நம் திரைப்படங்களில் இரண்டு வழக்கமும் உண்டு. பாடலை முதலில் பதிவு செய்து, அதை ஓடவிட்டுப் படம்பிடிக்கிறோம். பின்னணி இசையைப் படம் முடிந்த பிறகு ரீ-ரெக்கார்டிங்கில் சேர்க்கிறோம். அந்தக் காலத்திலும் இரண்டு கட்சிகள் இருந்தன.

பாட்டு முதலில் என்ற பக்கத்தில் ஃபிஷிங்கர். 1930 வாக்கில் அவர் எடுத்த 'ஸ்டடி' வரிசைப் படங்கள் ஏற்கெனவே இருந்த இசைத்தட்டுகளுக்கு வரையப்பட்டவை. 'ஸ்டடி எண் 7' பிராம்ஸின் ஹங்கேரிய நடனம் ஐந்தாம் எண்ணுக்கு. அந்த இசை திடீரென வேகம் பிடித்து, திடீரெனத் தயங்கும். வெள்ளைக் கீற்றுகளும் அதே போலப் பாய்ந்து, தயங்கி, வளைந்து, இருட்டில் கரைகின்றன.

படம் முதலில் என்பதற்கு பிரெஞ்சு இசையமைப்பாளர் எரிக் சாட்டி. 1924 டிசம்பரில் பாரிஸில் அரங்கேறிய ஒரு பாலே நிகழ்ச்சியின் இடைவேளையில் ஓடுவதற்காக ரெனே க்ளேர் 'ஆந்த்ராக்ட்' எடுத்தார். பெயருக்கே இடைவேளை என்றுதான் பொருள். ஷாட் ஷாட்டாக எவ்வளவு நேரம் என்று சாட்டி க்ளேரிடம் கணக்குக் கேட்டு வாங்கி, அதற்கு இசை எழுதினார். அவர் கையாண்ட உத்தி எளிமையானது: சில தாளச் சுற்றுகளே நீளும் குட்டி இசைத் துண்டுகள். காட்சி நீளும் வரை ஒரு துண்டைத் திரும்பத் திரும்ப வாசிக்கலாம், காட்சி மாறியதும் அடுத்த துண்டுக்குத் தாவலாம். படம் சற்று வேகமாகவோ மெதுவாகவோ ஓடினாலும் வாத்தியக் குழு தடுமாற வேண்டியதில்லை. காட்சிக்குத் தகுந்தபடி உருகவும் சிரிக்கவும் இசை முயலவில்லை என்பதே அதில் என்னை இன்றும் ஈர்க்கிறது. ஒட்டகம் இழுக்கும் சவ ஊர்வலத்தின் பின்னால் துக்கம் கேட்க வந்தவர்கள் மெதுவசைவில் துள்ளித் துள்ளி ஓடுகிறார்கள். இசை தன் பாட்டுக்குத் துண்டு துண்டாக நடந்துகொண்டிருக்கிறது. படத்துக்கென்றே அளந்து எழுதப்பட்ட இசைகளில் இது மிக முந்தையவற்றுள் ஒன்று. அடுத்த ஆண்டே சாட்டி இறந்துவிட்டார்.

கம்ப்யூட்டர் இல்லாத காலத்துல ஒரு அடி கூடத் தவறாம எப்படிப் பொருத்தினாங்க?

கணக்குப் போட்டார்கள். ஒலிப்படத்தில் வினாடிக்கு 24 ஃபிரேம். நிமிடத்துக்கு 120 அடி விழும் தாளம் என்றால் வினாடிக்கு இரண்டு அடி, ஓர் அடிக்கு 12 ஃபிரேம். முதல் ஃபிரேமில் கோடு தோன்றினால் பதின்மூன்றாவதில் அடுத்தது தோன்ற வேண்டும். இரண்டரை நிமிடப் படத்துக்கு 3,600 ஃபிரேம். ஃபிஷிங்கர் வெள்ளைத் தாளில் கரிக்கோலால் வரைந்து படமெடுத்தார். நெகட்டிவில் அது கறுப்பு வானத்தில் வெள்ளை ஒளியாகும். வயலின் படித்தவர், ஆர்கன் செய்யும் பட்டறையில் தொழில் பழகியவர். தாளத்தை எண்ணுவது அவருக்குக் கைவந்த வேலை.

நியூசிலாந்தில் பிறந்து லண்டனில் வேலை செய்த லென் லை கேமராவே இல்லாமல் செய்தார். வெற்று ஃபிலிமின் மேலேயே தூரிகையாலும் சீப்பாலும் வண்ணம் இழுப்பார். இசையைக் கூறுகூறாகப் பிரித்து, எந்த அடி எந்த ஃபிரேமில் விழுகிறது என்று கணக்கெடுத்துத் தந்தவர் ஜாக் எல்லிட் என்ற இசைக்கலைஞர். இதில் ஒரு நுட்பமும் இருக்கிறது. 35 மி.மீ. பிரிண்டில் ஒலி, அதற்குரிய படத்துக்குப் பக்கத்தில் இருக்காது. புரொஜக்டரில் லென்ஸும் ஒலி படிக்கும் இடமும் வேறு வேறு என்பதால் சுமார் 20 ஃபிரேம் முன்னால் இருக்கும். அந்த இடைவெளியை மறந்தால் எல்லா அடிகளும் கிட்டத்தட்ட ஒரு வினாடி பிசகும்.

இசை மேலே போனா கோடும் மேலே போகுது, டிரம் அடிச்சா புள்ளி வருது. இது வெறும் நகல்தானே?

நல்ல கேள்வி. அன்றே பலர் கேட்டார்கள். ஒலிப்படம் வந்த புதிதில், 1928இல், சோவியத் இயக்குநர்கள் ஐசன்ஸ்டைன், புதோவ்கின், அலெக்சாந்த்ரவ் மூவரும் ஓர் அறிக்கை வெளியிட்டார்கள். ஒலியைப் படத்தோடு ஒட்டவைத்தால் இரண்டும் செத்துவிடும், படத்துக்கு எதிர்முனையில் ஒலியை நிறுத்துங்கள் என்பது அதன் சாரம். அடுத்த ஆண்டு பாரிஸில் 'ஆண்டலூசிய நாய்' முதன்முதலாகத் திரையிடப்பட்டபோது, அதை இயக்கிய புனுவெல் திரைக்குப் பின்னால் கிராமபோனை வைத்துக்கொண்டு அர்ஜென்டினா டாங்கோவையும் வாக்னரின் 'டிரிஸ்டானை'யும் மாற்றி மாற்றிப் போட்டார். அவை காட்சியை விளக்கவில்லை, காட்சிக்குப் பணியவும் இல்லை. அதனால்தான் இரண்டும் கூர்மையாகின்றன.

ஆனாலும் ஃபிஷிங்கரை நகலெடுப்பவர் என்று ஒதுக்க மாட்டேன். 'ஸ்டடி எண் 7'ஐ மீண்டும் கவனித்துப் பாருங்கள். தாள அடியில் கோடு தோன்றலாம். ஆனால் அது எந்தப் பக்கம் பாய வேண்டும், எத்தனையாகப் பிரிய வேண்டும், ஆழத்துக்குள் போக வேண்டுமா நம் முகத்துக்கு நேரே வர வேண்டுமா என்று இசை எங்கும் சொல்லவில்லை. மிருதங்கக்காரர் பாடகரோடு ஒரே தாளத்தில் இருந்துகொண்டே தன் சொற்கட்டைத் தானே கட்டுகிறார் அல்லவா, அது போல.

இந்தக் கேள்வி அவரையும் உறுத்தியிருக்க வேண்டும். 1947இல் முடித்த 'மோஷன் பெயின்டிங் எண் 1'க்கு பாக்கின் பிராண்டன்பர்க் கச்சேரி மூன்றாம் எண்ணை எடுத்துக்கொண்டார். அதில் அடிக்கு அடி பொருத்தவே இல்லை. ஒளி ஊடுருவும் பலகையில் எண்ணெய் வண்ணத்தால் ஒவ்வொரு தீற்றலாக இட்டு, தீற்றலுக்கு ஒரு ஃபிரேம் என்று மாதக்கணக்கில் எடுத்த படம். சுருள்கள் ஒரு நிதானத்தில் வளர, பாக் இன்னொரு நிதானத்தில் பக்கத்திலேயே ஓடுகிறார். எங்கேயோ இரண்டும் தொட்டுக்கொள்கின்றன, மறுபடி பிரிகின்றன. அவருடைய படங்களில் உச்சம் இது என்பது என் எண்ணம்.

இசை படத்தைவிட நீளமாப் போயிட்ட கதை ஒண்ணு சொன்னீங்களே?

'பாலே மெக்கானிக்', 1924. ஓவியர் ஃபெர்னான் லெஜேயும் டட்லி மர்ஃபியும் எடுத்தது. பானை, மூடி, சிரிக்கும் உதடு, ஊசல். துணி மூட்டையோடு படியேறும் ஒரு பெண், மேலே வந்ததும் மறுபடி கீழிருந்தே தொடங்குகிறாள், திரும்பத் திரும்ப. ஜார்ஜ் ஆந்தைல் அதற்காக எழுதிய இசை ஏறத்தாழ அரை மணி நேரத்துக்கு வளர்ந்துவிட்டது. படமோ இருபது நிமிடம்கூட இல்லை. அதோடு 16 தானியங்கிப் பியானோக்கள் ஒரே நேரத்தில் இயங்க வேண்டும், விமான விசிறிகளும் மணிகளும் சைரனும் ஒலிக்க வேண்டும். பதினாறு பியானோக்களை ஒருங்கே ஓட்டும் வழி அன்று இல்லை. படமும் இசையும் தனித்தனியே ஊர் சுற்றின. கணினி வந்த பிறகே அந்தப் பியானோக்கள் ஒன்றாக வாசித்தன.

இந்த ஆந்தைல்தான் பிறகு நடிகை ஹெடி லமாரோடு சேர்ந்து, டார்பிடோக்களை வழிநடத்தும் ரேடியோ அலையை எதிரி குலைக்காதபடி அலைவரிசை தாவும் முறைக்கு 1942இல் காப்புரிமை பெற்றவர். அதில் தாவுவதற்கான அலைவரிசைகளின் எண்ணிக்கைக்கு எடுத்துக்கொண்ட கணக்கு 88. பியானோவின் கட்டைகள் எத்தனையோ அத்தனை.

விளம்பரத்துக்கு எடுத்த படத்தைக் கலைன்னு சொல்லலாமா?

லென் லையின் 'எ கலர் பாக்ஸ்', 1935, பிரிட்டிஷ் தபால் துறையின் திரைப்படப் பிரிவுக்காக எடுத்தது. கியூப நடன இசைக்கு வண்ணங்கள் குதிக்கின்றன. கடைசியில் பார்சல் கட்டண விவரம் வருகிறது. ஃபிஷிங்கரும் சிகரெட் விளம்பரங்கள் எடுத்தார். காசு அங்கிருந்துதான் வந்தது. கட்டண விவரம் வரும் சில வினாடிகளைக் கழித்துவிட்டால் மிச்சமெல்லாம் கலைஞனின் கை. கோயிலுக்கு மானியம் கொடுத்தவன் பெயர் கல்வெட்டில் இருப்பதால் சிற்பம் குறைந்துவிடுவதில்லை.

சத்தத்தையே வரைஞ்சாங்கன்னு சொல்றீங்க. அது எப்படி முடியும்?

எனக்கு மிகவும் பிடித்த பகுதி இது. ஒலிப்பட ஃபிலிமின் ஓரத்தில் ஒரு மெல்லிய பட்டை ஓடும். ஒலி அதில் கறுப்பு-வெளுப்பு வடிவங்களாகப் பதிவாகியிருக்கும். விளக்கொளி அதன் வழியே பாயும், ஒளிமின்கலம் அந்த ஏற்ற இறக்கத்தை மின்சாரமாக்கும், ஒலிபெருக்கி அதை ஒலியாக்கும். அப்படியானால் மைக்கே இல்லாமல் அந்த வடிவத்தைக் கையால் வரைந்தால்? இயந்திரத்துக்கு வித்தியாசம் தெரியாது. வரைந்ததை வாசித்துவிடும்.

மாஸ்கோவில் அவ்ரமோவ் 1930 வாக்கிலும், மியூனிக்கில் ருடால்ஃப் ஃபெனிங்கரும் பெர்லினில் ஃபிஷிங்கரும் 1932 வாக்கிலும் இதைச் செய்துகாட்டினார்கள். ஃபிஷிங்கர் அலங்காரக் கோலங்களை வரிசையாக வரைந்து ஒலித்தடத்தில் ஏற்றினார். ஒரு கோலத்துக்கு ஓசை இருக்கிறது, அது இன்ன ஓசை என்று காதால் கேட்க முடிகிறது. மார்கழிக் காலையில் வாசல்களைக் கடக்கும்போது எனக்கு அது நினைவுக்கு வராமல் இருந்ததில்லை.

ஸ்காட்லாந்துக்காரரான நார்மன் மெக்லாரன் கனடாவின் தேசியத் திரைப்பட வாரியத்தில் இதைப் பழுத்த கலையாக்கினார். அரை ஸ்வரத்துக்கு ஒரு அட்டை என்று கோடுபோட்ட அட்டைகள் வைத்திருந்தார். அடர்ந்த கோடு மேல் ஸ்தாயி, விலகிய கோடு கீழ் ஸ்தாயி. 1971இல் 'சின்க்ரமி' படத்தில் அந்த ஒலிக்கோடுகளையே வண்ணமிட்டுத் திரையில் காட்டினார். எதைப் பார்க்கிறீர்களோ அதையே கேட்கிறீர்கள். முன்னால் நகலா என்று கேட்டவர் இதைப் பார்க்க வேண்டும். இங்கே அசலும் நகலும் ஒரே கோடு.

டிஸ்னியோட 'ஃபேன்டசியா'தானே இதையெல்லாம் முதல்ல பெரிசா செஞ்சது?

1940இல் வந்த அந்தப் படத்துக்கு முன்பே இருபதாண்டு வரலாறு இருக்கிறது. அதன் முதல் பகுதிக்கு, பாக்கின் டொக்காட்டாவுக்கு, வேலை செய்ய அழைக்கப்பட்டவர் நம் ஃபிஷிங்கரே. நாஜி ஆட்சியில் அருவக் கலைக்கு இடமில்லாமல் போக, 1936இல் ஹாலிவுட் வந்தவர். அவருடைய வடிவங்களை ஸ்டுடியோவில் அடையாளம் தெரியும் பொருட்களாகத் திருத்திக்கொண்டே போனார்கள். ஓராண்டுக்குள் விலகினார். படத்தில் அவர் பெயர் இல்லை.

பெண்கள் யாருமே இல்லையா?

இருந்தார்கள், பெயர்தான் பின்னால் தள்ளப்பட்டது. எகலிங்கின் ஏழு நிமிடத்தைத் தகட்டுத்தாளில் வெட்டி, அசைத்து, ஃபிரேம் ஃபிரேமாக எடுத்ததில் எர்னா நீமையரின் உழைப்பு பெரும்பங்கு. ஜெர்மேன் துலாக் 1928இல் ஷொப்பேனின் இசையை மனத்தில் வைத்து, சுழலும் இசைத்தட்டையும் ஒளிக்கீற்றுகளையும் கொண்டு 'தீஸ்க் 957' எடுத்தார். அதுவும் மௌனப்படம். அமெரிக்காவில் மேரி எலன் ப்யூட் 1934இல் எடுத்த 'ரிதம் இன் லைட்' நியூயார்க்கின் ரேடியோ சிட்டி மியூசிக் ஹாலில் ஓடியது. கதைப்படம் பார்க்க வந்த கூட்டம் அதற்கு முன்னால் கிரீக்கின் இசைக்கு ஒளி ஆடுவதைப் பார்த்தது.

இசையோட நம்ம பக்கத்து ஆள் யாராவது இதுல உண்டா?

காலத்தால் சற்றுப் பிந்தியது என்றாலும் ஒன்று சொல்லலாம். மெக்லாரன் 1957இல் எடுத்த 'எ சேரி டேல்' படத்தில் ஒரு நாற்காலி, உட்கார வருபவனை உட்கார விடாமல் ஓடுகிறது. சிதார் ரவிசங்கர், தபலா சதுர் லால். நாற்காலி முறைத்துக்கொள்வதும் சமாதானமாவதும் தபலாவில் கேட்கும்.

படமே இல்லாத படம்னு ஒண்ணு உண்டாமே? அதையும் இந்தக் கணக்குல சேர்க்கலாமா?

கட்டாயம் சேர்க்கலாம். ருட்மன் 1930இல் செய்த 'வாரக்கடைசி'. ஃபிலிமின் ஒலித்தடத்தில் மட்டும் பதிவு செய்து, ஃபிலிமை வெட்டி ஒட்டுவது போலவே ஒலியை வெட்டி ஒட்டினார். திரையில் ஒன்றும் இல்லை. ரம்பம், தட்டச்சுப் பொறி, ரயில், குழந்தைகள், தேவாலய மணி, திங்கட்கிழமை மறுபடி வேலை. பதினோரு நிமிடம். பெர்லின் வானொலியில் ஒலிபரப்பானது. 'ஓப்பஸ் 1'இல் கண்ணுக்கு இசை செய்தவர், ஒன்பது ஆண்டுகள் கழித்துக் காதுக்குப் படம் செய்தார். எகலிங்குக்கு நேர் மறுமுனை. இரண்டையும் ஒரே மாலையில் அடுத்தடுத்து வைத்தால் அரங்கில் ஒரு வகை அமைதி விழும். அது எனக்கு எப்போதும் வேண்டும்.

வீட்டுல பார்க்கணும்னா எதுல தொடங்கறது?

லென் லையில் தொடங்குங்கள், குழந்தைகளையும் கூட்டி வைத்துக்கொள்ளுங்கள். அடுத்து 'ஸ்டடி எண் 7', இரண்டு முறை. இரண்டாம் முறை ஒலியை அணைத்துவிட்டு. பிறகு 'ஆந்த்ராக்ட்'. ஒரு வாரம் கழித்து 'மோஷன் பெயின்டிங்'. எகலிங்கைக் கடைசியில் பாருங்கள், இரவில், மின்விசிறியையும் நிறுத்திவிட்டு.